இருநூற்று நாற்பதுக்குப் பிறகு

5 ஜூன் 2024, புதன்

காலை ஒன்பதே காலுக்கு வங்கியிலிருந்து செய்தி வந்தது. ரூ.11,500 கழிக்கப்பட்டது. இருநூற்று நாற்பதாவது தவணை. இருபது வருடத்தில் ஒரு தவணைகூடத் திரும்பியதில்லை. கம்பெனியில் ஸ்டோர் பார்ப்பவன் நான். ஒரு போல்ட் குறைந்தாலும் எனக்குத் தெரியும். வீட்டுக் கடன் விஷயத்திலும் அப்படித்தான் இருந்தேன்.

துவாக்குடி கம்பெனியிலிருந்து வந்து இறங்கியதும் அரைக் கிலோ பால்கோவா வாங்கினேன். என் மனைவி எமல்டா ஜவுளிக்கடை வேலை முடிந்து வர எட்டரை ஆகிவிட்டது. வந்தவுடன் அந்த இறுக்கமான காலுறையைக் கழற்றிவிட்டு இரண்டு கால்களையும் வாளித் தண்ணீரில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள். தினமும் செய்வதுதான்.

“முடிஞ்சுதா?”

“முடிஞ்சுது.”

“நெசமாவா?”

“இருநூத்தி நாப்பது. வேணும்னா எண்ணிப் பாரு.”

அவள் எண்ணவில்லை. பால்கோவாவை வாயில் போட்டபடி, “அப்ப இந்த மாசத்தோட நின்னுக்கிறேன்னு நாளைக்கே சூப்பர்வைசர்ட்ட சொல்லிடுறேன்” என்றாள். பிறகு தனக்குள் சிரித்துக்கொண்டாள். “பதினெட்டு வருசமா நின்னுக்கிட்டேதான் இருக்கேன். இப்பத்தான் வேலையிலேருந்து நிக்கப் போறேன்.”

கடன் முடிகிற மாதம் வேலையை விடுவது என்பது எங்களுக்குள் பழைய பேச்சு.

6 ஜூன், வியாழன்

எமல்டா எழுதிக் கொடுத்துவிட்டாள். கருமண்டபத்தில் எங்கள் தெருவில் கிரானைட் முகப்பு உள்ள வீடு இன்றைக்கும் எங்களுடையது ஒன்றுதான். காலையில் பைப் போட்டுக் கழுவினேன். பளபளவென்று இருந்தது.

10 ஜூன், திங்கள்

அரை நாள் விடுப்பு. பத்திரத்தைத் திருப்பி வாங்க வங்கிக்குப் போனேன். கடன் பிரிவில் அம்சவேணி என்று ஓர் அம்மாள். மரியாதையாகத்தான் பேசினார். கணக்கு எண்ணை அடித்துவிட்டுத் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“சார், உங்களுக்கு இன்னும் நாப்பத்தஞ்சு இருக்கு.”

“நாப்பத்தஞ்சு நாளா? பத்திரம் வர்றதுக்கா?”

“தவணை சார்.”

நான் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை. திரையை என் பக்கம் திருப்பினார். பாக்கி அசல் நான்கு லட்சத்து முப்பத்து மூவாயிரம்.

வாங்கியது பன்னிரண்டு லட்சம். இதுவரை கட்டியது, முதல் இருபத்தாறு மாதம் 10,500, பிறகு 11,500 என்று, இருபத்தேழு லட்சத்து முப்பத்து நான்காயிரம். அப்படியும் நான்கு லட்சத்து முப்பத்து மூன்று மிச்சம். ஸ்டோரில் எவனாவது இப்படி ஒரு கணக்குக் கொண்டுவந்தால் அவனை அன்றே வெளியே அனுப்பியிருப்பேன்.

2006 ஆகஸ்டில் வட்டி ஏறியபோது ஒரு படிவத்தில் கையெழுத்து வாங்கியிருக்கிறார்கள். அதன் நகலையும் அந்த அம்மாள் காட்டினார். என் கையெழுத்து, அதற்குக் கீழே எமல்டாவுடையது. அந்தப் படிவத்தை வைத்துக் காலத்தை நீட்டிவிட்டார்களாம். யாரும் எனக்கு எதையும் விளக்கவில்லை. அப்போதிருந்த ஆபீசர், நெற்றியில் சந்தனம் வைத்தவர், “மேல் கட்டத்துல டிக் போட்டா தவணை 12,630, ரெண்டாயிரத்து இருபத்துநாலுல முடிஞ்சிடும். கீழ் கட்டம்னா 11,500, காலம் நீளும்” என்று மட்டும் சொன்னார். அதையெல்லாம் விளக்கம் என்று சொல்ல முடியாது.

எனக்கு ஐம்பத்தைந்து வயது. 2027 மே மாதத்தோடு வேலை முடிகிறது. நாற்பத்தைந்து தவணை என்றால் 2028 மார்ச்.

மதியம் கம்பெனிக்குப் போய்விட்டேன். கேஸ்கட் லோடு வந்திருந்தது.

11 ஜூன்

எமல்டாவிடம் சொல்லவில்லை. அவள் சாப்பிட்டுக்கொண்டிருந்தாள்.

12 ஜூன்

இன்றும் சொல்லவில்லை.

16 ஜூன், ஞாயிறு

பூசை முடிந்து வரும்போது பேச்சுக் கொடுத்துப் பார்த்தேன். “வேலைய விட்டுட்டு வீட்டுல ஒக்காந்தா ஒனக்குப் போரடிக்காதா? தீபாவளி வரைக்கும் வேணா பாரேன். போனஸும் வரும்.”

அவள் நடப்பதை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தாள். “போரடிக்கணுங்க. எனக்கு நல்லாப் போரடிக்கணும்.”

பத்திரம் எப்போது வரும் என்று கேட்டாள். தலைமை அலுவலகத்திலிருந்து வர ஒரு மாதம் ஆகும் என்றேன். பொதுவாக அப்படித்தான் ஆகும் என்று கேள்வி.

21 ஜூன்

மேனேஜரிடம் சம்பள முன்பணம் கேட்டேன். நான்கு லட்சமா என்று கேட்டுவிட்டு டீ வாங்கிக் கொடுத்தார். பி.எஃப். பணத்தில் பாதி மகள் பிரின்சி கல்யாணத்தில் போய்விட்டது. மீதியில் கை வைத்தால் வயதான காலத்தில் நாங்கள் இருவரும் எதைத் தின்பது?

30 ஜூன், ஞாயிறு

எமல்டாவுக்குக் கடையில் கடைசி நாள். உடன் வேலை பார்க்கும் பெண்கள் சேர்ந்து ஒரு சேலை வாங்கிக் கொடுத்திருக்கிறார்கள். முதலாளி பக்கத்திலிருந்து ஒரு சில்வர் குடம். இரவு அந்தச் சேலையைப் பிரித்து மடித்துக்கொண்டே நிறையப் பேசினாள். அவள் இவ்வளவு பேசி நான் கேட்டு எத்தனை வருடமாயிற்று என்று தெரியவில்லை. மூன்று வருடத்துக்கு முன் கடைகளில் உட்கார இருக்கை போட வேண்டும் என்று சட்டம் வந்ததாம். இவர்கள் மாடியிலும் நான்கு ஸ்டூல் போட்டார்களாம். அடுத்த வாரமே அதன்மேல் பூனம் சேலைகளை அடுக்கிவிட்டார்களாம்.

“ஒரு நாள் கரண்டு போச்சு. இருட்டுல ஒரு ஸ்டூல்ல இருந்த சேலையத் தூக்கிக் கீழ வச்சுட்டு ஒக்காந்துட்டேன். பத்து நிமிசம் இருக்கும். கரண்டே வரக்கூடாதுன்னு வேண்டிக்கிட்டேன்.”

சொல்லிவிட்டுச் சிரித்தாள். நானும் சிரித்தேன்.

5 ஜூலை, வெள்ளி

ரூ.11,500 கழிக்கப்பட்டது. செய்தியை உடனே அழித்துவிட்டேன்.

10 ஜூலை, புதன்

மாலை வீட்டுக்கு வந்தபோது எமல்டா கூடத்தில் உட்கார்ந்திருந்தாள். விளக்குப் போடவில்லை. முன்னால் நாற்காலியில் ஒரு காகிதம் இருந்தது.

“பேங்க்குக்குப் போயிருந்தேன்” என்றாள்.

எனக்குப் புரிந்துவிட்டது. இருந்தாலும், “எதுக்கு?” என்றேன்.

“வீட்டுல சும்மாதான இருக்கேன், எம்பேரும் அதுல இருக்கு, பத்திரத்த நாமளே போயி கேட்டுட்டு வருவோம்னு போனேன். அந்தம்மா என்னைய ஒரு மாதிரியாப் பாத்தாங்க. ‘ஒங்க சார்ட்ட போன மாசமே சொல்லிட்டேனேம்மா’ன்னாங்க.”

சட்டையைக் கழற்றி மாட்டினேன். அவள் கத்துவாள் என்று நினைத்தேன். கத்தியிருந்தால் நானும் கத்தியிருப்பேன். அவள் அந்தக் காகிதத்தை எடுத்து நீட்டினாள். 2006 படிவத்தின் நகல்.

“இது என் கையெழுத்துதான். போடச் சொன்னப்ப என்ன சொன்னீங்கன்னு ஞாபகம் இருக்கா?”

“ஏதோ பேங்க் ஃபார்ம்னு சொல்லியிருப்பேன்.”

“விலாசம் சரிபாக்குற ஃபார்ம்னு சொன்னீங்க. நான் இட்லி ஊத்திக்கிட்டிருந்தேன். மாவுக் கையத் தொடச்சுட்டு வந்து போட்டேன்.”

“அந்தக் காலத்துல ஆயிரத்து நூத்து முப்பது ரூவான்னா சும்மாவா எமல்டா?”

“அதுக்குத்தான நான் வேலைக்குப் போனேன்?” அவள் குரல் அப்போதுதான் உயர்ந்தது. “வட்டி ஏறிடுச்சு, தவணை ஏறிடுச்சு, ஒத்தச் சம்பளத்துல முடியாதுன்னு நீங்கதான சொன்னீங்க? பிரின்சிக்கு அப்ப ஆறு வயசு. பக்கத்து வீட்டுல விட்டுட்டுப் போனேன். மாசம் ரெண்டாயிரத்து எண்ணூறு அப்படியே ஒங்க கையில குடுத்தேன். அந்த ஆயிரத்து நூத்து முப்பது ஏன் பேங்க்குக்குப் போவல?”

அந்தப் பணம் எங்கே போனது என்று எனக்கு நினைவில் இல்லை. அவளுக்கு இருந்தது.

“அந்த வருசம் கிறிஸ்மஸுக்குத்தான வீட்டு முகப்புல கல்லு ஒட்டுனீங்க?”

கிரானைட் அப்போது இருபத்தெட்டாயிரம் ஆனது. வீடு என்று ஒன்று இருந்தால் முகப்பு வேண்டாமா? சொந்தக்காரர்கள் வந்துபோகிற இடம். அவளுக்கும் அது பிடித்துத்தான் இருந்தது. கிறிஸ்மஸ் அன்று நட்சத்திரம் கட்டும்போது பக்கத்தில் நின்று பார்த்தாள்.

இதை நான் அவளிடம் சொல்லவில்லை. சொல்லியிருக்க வேண்டும்.

11 ஜூலை

பேச்சில்லை. சோறு இருந்தது.

14 ஜூலை

பேச்சில்லை. அவள் மட்டும் காலைப் பூசைக்குப் போய் வந்தாள்.

22 ஜூலை, திங்கள்

எமல்டா என்னையும் வங்கிக்கு வரச் சொன்னாள். வரச் சொன்னாள் என்றால், “நாளைக்கு அரை நாள் லீவு போடுங்க” என்று நேற்றுச் சொன்னாள். அவ்வளவுதான்.

ஒரு பழைய நோட்டில் கேள்விகளை எழுதி வைத்திருந்தாள். அம்சவேணி அம்மாளிடம் ஒன்றன்பின் ஒன்றாகக் கேட்டாள். வட்டி எதன்மேல் போடுகிறார்கள்? முதல் பத்து வருடம் கட்டியதில் அசலுக்கு எவ்வளவு போனது? புதிதாகக் கடன் வாங்குகிறவர்களுக்கு இப்போது என்ன வட்டி? எங்களுக்கு ஏன் ஒன்பதரை?

“ஒங்களோடது பழைய முறைக் கடன்ம்மா. வெளியில வட்டி குறைஞ்சாலும் இதுல தானாக் குறையாது. எழுதிக் குடுத்து, ஒரு கட்டணம் கட்டி மாத்திக்கணும். இப்ப மாத்துனா எட்டே முக்கால் வரும்.”

“எவ்வளவு கட்டணம்?”

“அஞ்சாயிரத்துச் சொச்சம்.”

“இது எத்தன வருசமா இருக்கு?”

“ரொம்ப நாளாவே இருக்கும்மா. வந்து கேட்டவங்களுக்கெல்லாம் மாத்திக் குடுத்திருக்கோம்.”

எமல்டா பேனாவை மூடினாள். “வந்து கேட்டிருந்தா?”

அந்த அம்மாள் என்னைப் பார்த்தார். பிறகு எமல்டாவைப் பார்த்து, “கணக்குப் போட்டுத்தாம்மா சொல்லணும். ஆனா ஆரம்பத்துலயே மாத்தியிருந்தா ஒங்களுக்கு இப்ப பாக்கியே இருந்திருக்காது” என்றார்.

வந்து கேட்க வேண்டும் என்று யாராவது எனக்குச் சொல்லியிருக்க வேண்டாமா? வங்கியிலிருந்து வருடா வருடம் ஒரு கடிதம் வரும். சின்ன எழுத்தில் ஆங்கிலத்தில் நான்கு பக்கம். அலமாரியில் பத்திரமாக அடுக்கி வைத்திருக்கிறேன். உறை பிரிக்காமல் எல்லாம் அப்படியே இருக்கிறது. ஒன்றுகூடத் தொலைந்ததில்லை.

வெளியே வந்து ஆட்டோவுக்கு நின்றோம். எமல்டா கம்பத்தில் சாய்ந்துகொண்டாள். கட்டணத்தை அவளே கட்டிவிட்டாள்.

28 ஜூலை, ஞாயிறு

கடையிலிருந்து எமல்டாவுக்குப் பணிக்கொடை வந்துவிட்டது. ஒரு லட்சத்து இருபத்து நான்காயிரம். காலையில் நல்ல மனநிலையில் இருந்தாள் போலத் தோன்றியது. அதைக் கடனில் போட்டால் தவணை எவ்வளவு குறையும் என்று கணக்குப் போட்டுக் காட்டினேன். கேட்டது தப்பா என்று எனக்குத் தெரியவில்லை. வீடு இருவர் பெயரிலும்தானே இருக்கிறது?

அவள் சேலையைக் கணுக்காலுக்கு மேல் தூக்கிக் காட்டினாள். எவ்வளவு நாளாக அதை நான் பார்க்கவில்லை என்று தெரியவில்லை. நரம்புகள் கயிற்று முடிச்சு மாதிரி புடைத்திருந்தன. இடது கணுக்காலுக்கு மேல் ஒரு ரூபாய் அகலத்துக்குத் தோல் கறுத்து, நடுவில் புண் ஈரமாக இருந்தது.

“இது என் கால் பணம்” என்றாள்.

3 ஆகஸ்ட், சனி

கோவையிலிருந்து பிரின்சி பேசினாள். அம்மாவுக்கு வெள்ளிக்கிழமை ஆபரேஷன், லேசரில் செய்கிறார்களாம், தானே லீவு போட்டு வருவதாகச் சொன்னாள். என்னிடம் யாரும் தேதியைச் சொல்லவில்லை என்றேன்.

“அப்பா, அஞ்சு வருசத்துக்கு முன்னாடியே டாக்டர் செய்யச் சொல்லிட்டாரு. ஒரு மாசம் ரெஸ்ட் எடுக்கணும்னாரு. லீவு போட்டா சம்பளம் வராது, அப்பா லோனுக்குத் திண்டாடுவாரு, லோன் முடியட்டும்னு அம்மாதான் சொன்னாங்க. ஒங்ககிட்ட சொல்ல வேணாம்னு என்கிட்ட சத்தியம் வாங்குனாங்க.”

சொல்லியிருந்தால் நான் ஏதாவது செய்திருப்பேன்.

9 ஆகஸ்ட்

ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது. மயக்கம் தெளிந்ததும் பிரின்சியிடம் தண்ணீர் கேட்டாள். நான் கட்டிலுக்கு இந்தப் பக்கம்தான் நின்றுகொண்டிருந்தேன்.

1 செப்டம்பர், ஞாயிறு

எமல்டா இப்போது நடக்கிறாள். மதியம் சாப்பிட்டு முடித்ததும் அந்த நோட்டை எடுத்துக்கொண்டு எதிரில் வந்து உட்கார்ந்தாள்.

“இந்த வீட்ட வாடகைக்கு விடுவோம். பதினாலாயிரம் போகும்னு புரோக்கர் சொல்றாரு. முகப்பு நல்லா இருக்காம். நமக்குப் பாலக்கரைல ஒரு ரெண்டு ரூம் வீடு பாத்திருக்கேன், ஆறாயிரத்து ஐநூறு. மிச்சம் ஏழாயிரத்து ஐநூறையும் தவணையோட சேத்துக் கட்டுனா அக்டோபர்லேருந்து இருபத்துநாலு மாசம். ஒங்களுக்குச் சம்பளம் நிக்கிறதுக்கு முன்னாடி முடிஞ்சிடும்.”

“சொந்த வீட்ட வச்சுக்கிட்டு வாடகைக்குப் போறதா? ஊரு சிரிக்கும்.”

“சிரிக்கட்டும்.”

“வேணும்னா நீ இன்னும் ரெண்டு வருசம்…” என்று தொடங்கினேன். முடிக்கவில்லை. அவள் முடிக்கச் சொல்லிக் காத்திருப்பது போல என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

பிறகு நோட்டை மூடினாள். “இன்னொரு வழியும் இருக்கு. நான் பிரின்சி வீட்டுக்குப் போயிடுறேன். நீங்க இந்த வீட்டுல இருங்க. நாப்பத்திரண்டு தவணை இருக்கும். கட்டிக்கிட்டே இருங்க.”

புரோக்கரை நாளை வரச் சொல்லியிருக்கிறோம்.

15 செப்டம்பர்

வீடு பார்க்க ஒரு சின்ன வயதுத் தம்பதி வந்தார்கள். இருவரும் ஐ.டி. வேலை. அந்தப் பையன் முகப்பைத் தடவிப் பார்த்து, “செம ஃபினிஷிங் அங்கிள்” என்றான். முன்பணம் கொடுத்துவிட்டார்கள். எமல்டாதான் வாங்கி எண்ணினாள்.

28 செப்டம்பர், சனி

சாமான் கட்டினோம். இருபது வருடச் சாமான். இரண்டு அறைக்குள் அடங்காது. டைனிங் டேபிளை விற்றுவிட்டோம். பீரோவை நகர்த்தியபோது பின்னால் பிரின்சியின் பழைய ஜியாமெட்ரி பாக்ஸ் கிடந்தது. எமல்டா அதைத் துடைத்துப் பையில் போட்டுக்கொண்டாள்.

அலமாரியிலிருந்து வங்கிக் கடிதங்களை எடுத்து அட்டைப்பெட்டியில் வைத்தேன். அவள் ஒன்றைக் கையில் எடுத்து, ஒட்டியபடியே இருந்த உறையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். அப்போதுதான் கேட்டாள். கோபமாகக் கேட்கவில்லை. சந்தேகம் கேட்கிற மாதிரிதான் கேட்டாள்.

“ஒண்ணே ஒண்ணு சொல்லுங்க. அந்தக் கட்டத்துல டிக் போட்டப்ப, காலம் நீளும்னு ஒங்களுக்குத் தெரியுமா, தெரியாதா?”

வெளியே வண்டிக்காரர் ஹாரன் அடித்தார்.

“தெரியாது” என்றேன்.

அவள் தலையை ஆட்டினாள். கடிதத்தைப் பெட்டியில் வைத்துவிட்டு, பெட்டியை அவளே தூக்கிக்கொண்டு போனாள்.

29 செப்டம்பர்

பாலக்கரைக்கு வந்துவிட்டோம். குழாயில் காலை ஐந்தரைக்குத் தண்ணீர் வருகிறது. குளியலறை பொது.

5 அக்டோபர், சனி

பத்தொன்பதாயிரம் கட்டியாயிற்று. வங்கிக் கணக்கில் இப்போது எமல்டாவின் கைபேசி எண்தான் இருக்கிறது. செய்தி அவளுக்குத்தான் வருகிறது. “போயிடுச்சு” என்று மட்டும் சொன்னாள்.

20 அக்டோபர்

வாடகை விஷயமாகக் கருமண்டபம் வரை போனேன். முகப்பில் இரண்டு இடத்தில் துளை போட்டு ஏதோ விளக்கு மாட்டியிருக்கிறார்கள். கேட்டால் அந்தப் பெண் சிரித்துக்கொண்டே, “சாரி அங்கிள், ஆன்ட்டிகிட்ட கேட்டோம், தாராளமாப் போட்டுக்கச் சொன்னாங்க” என்றாள். தண்ணீர் கொடுத்தாள். வாசலில் நின்றே குடித்துவிட்டு வந்தேன்.

5 நவம்பர்

இரண்டாவது பத்தொன்பதாயிரம்.

10 நவம்பர், ஞாயிறு

எமல்டாவின் புண் முழுதாக ஆறிவிட்டது. இப்போதெல்லாம் மதியம் இரண்டு மணி நேரம் தூங்குகிறாள். எழுந்து வாசலில் ஒரு பிளாஸ்டிக் நாற்காலி போட்டு, எந்த வேலையும் இல்லாமல் தெருவைப் பார்த்து உட்கார்ந்திருக்கிறாள். என்னிடம் தேவைக்குப் பேசுகிறாள். சாம்பாரில் உப்பு சரியாக இருக்கிறது. குறை சொல்ல ஒன்றுமில்லை.

இன்று சாயங்காலம் பக்கத்துப் போர்ஷன் லூர்து மேரி வந்து பேசிக்கொண்டிருந்தார். நான் உள்ளே சட்டைக்குப் பொத்தான் தைத்துக்கொண்டிருந்தேன்.

“சாரு கம்பெனியில பெரிய வேலைங்கிறாங்க. இந்த வயசுல போயி வாடகை வீட்டுக்கு வந்திருக்கீங்களே. சொந்த வீடு கீடு எதுவும் இல்லியாக்கா?”

ஊசியைப் போட்டுவிட்டு எழுந்தேன். கருமண்டபத்தில் மூன்று படுக்கையறை, முன்னால் கிரானைட் முகப்பு என்று சொல்வதற்குள் எமல்டா முந்திக்கொண்டாள்.

“இல்லம்மா. இன்னும் இருபத்திரண்டு மாசத்துல ஒண்ணு வாங்கப் போறேன்.”